சியோல் உயிர்ப்பிக்காத ஓடை

கூவத்தைப் பற்றியோ ஓட்டேரி நல்லாவைப் பற்றியோ சென்னையில் பேச்சு எழுந்தால், மதுரையின் கிருதுமால் நதிக்காக யாராவது வருந்தி எழுதினால், சிறிது நேரத்தில் சியோல் நகரம் பேச்சுக்குள் வந்துவிடும். கதை பலருக்கும் தெரிந்ததுதான். தென்கொரியத் தலைநகரின் நடுவே சொங்கேச்சொன் என்ற ஓடை இருந்தது. அது சாக்கடையாகிப்போனது. கான்கிரீட் போட்டு மூடி அதன் மேல் சாலை அமைத்தார்கள், சாலைக்கு மேலே மேம்பாலமும் கட்டினார்கள். பிறகு துணிச்சலான மேயர் ஒருவர் வந்தார், மேம்பாலத்தை இடித்தார், சாலையைப் பெயர்த்தார், 27 மாதங்களில் செத்த ஆற்றுக்கு உயிர் கொடுத்தார். மேம்பாலம் நிற்கும் பழைய படமும், தெளிந்த நீரில் குழந்தைகள் கால் நனைக்கும் புதிய படமும் அருகருகே அச்சாகும். அவர்களால் முடிந்தது நம்மால் ஏன் முடியாது என்ற கேள்வியோடு கட்டுரை முடியும். இதைச் சொல்பவர்கள் நம் நீர்நிலைகள் மீது அக்கறை கொண்டவர்கள், அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் அந்தக் கதை முக்கியமான இடங்களில் தவறாக இருக்கிறது. தவறான அந்த இடங்கள்தான் நம்மை வழிதப்ப வைக்கின்றன. 2003 ஜூலைக்கும் 2005 அக்டோபருக்கும் இடையில் சியோல் எந்த ஆற்றையும் உயிர்ப்பிக்கவில்லை. ஓர் ஓடை இருந்த இடத்தில், மிகுந்த திறமையோடு, புதிதாக ஒரு நீர்ப்பூங்காவைக் கட்டியது. அந்த ஓடையின் 600 ஆண்டு வரலாற்றைப் படித்தால் கிடைக்கும் பாடம், மேடைகளில் நாம் கேட்கும் பாடத்துக்கு நேர் எதிரானது.

முதலில் அந்த ஓடை எப்படிப்பட்டது என்று பார்ப்போம். சியோலின் பழைய நகரம் மலைகளுக்கு நடுவே ஒரு கிண்ணம்போல் இருக்கிறது. வடக்கே புகாக், மேற்கே இன்வாங், தெற்கே நாம்சான் மலைகள். இந்தச் சரிவுகளில் இறங்கும் சிற்றோடைகள் நகரின் நடுவே கூடி மேற்கிலிருந்து கிழக்காக ஓடின. அப்படிச் சேர்ந்த சொங்கேச்சொன் ஜுங்னாங் ஓடையில் கலந்து, அதன் வழியே ஹான் ஆற்றை அடைந்தது. மொத்த நீளமே 11 கிலோமீட்டருக்குள் அடங்கிவிடும். மலை பக்கம், சரிவு செங்குத்து, மழையோ பெரும்பாலும் கோடையின் சில வாரங்களில் கொட்டித் தீர்த்துவிடும். ஆகவே மழைக்காலத்தில் பொங்கி வீடுகளுக்குள் புகுவதும், மற்ற மாதங்களில் மெலிந்து கிடப்பதும் இந்த ஓடையின் இயல்பு. இதற்குக் கல்லிலேயே சாட்சி இருக்கிறது. 1441இல் செஜோங் மன்னர் காலத்தில் நீர்மட்டம் அளக்க இந்த ஓடையில் ஓர் அளவுகோல் நடப்பட்டது. முதலில் மரத்தில் இருந்த அது பின்னர் கல்லில் செய்யப்பட்டது. அந்தக் கற்கம்பம் இன்றும் சியோலில் செஜோங் நினைவு மண்டபத்தில் இருக்கிறது. ஏறக்குறைய மூன்று மீட்டர் உயரம், ஒன்றிலிருந்து பத்து வரை கொரிய அடிக் கோடுகள். மூன்றாவது, ஆறாவது, ஒன்பதாவது கோடுகளில் மட்டும் சிறு வட்டம் செதுக்கியிருக்கிறது. மூன்று என்றால் வறட்சி, ஆறு என்றால் இயல்பு, ஒன்பது என்றால் வெள்ள அபாயம். வறட்சிக்கென்று தனியாக ஒரு குறி செதுக்க வேண்டியிருந்த ஓடை இது. நம்மூர் ஆட்கள் பார்த்திருந்தால் காட்டாறு என்று சொல்லியிருப்பார்கள்.

ஆண்டின் 365 நாளும் ஒரே அளவில், சராசரியாக 40 சென்டிமீட்டர் ஆழத்தில் இன்று அங்கே ஓடுவது அந்த ஓடையின் நீர் அல்ல. ஹான் ஆற்றில் ஜாயாங் என்ற இடத்தில் நீரை இறைத்து, சுத்திகரித்து, குழாய் வழியே நகரின் மையத்துக்கு ஏற்றிக் கொண்டுவந்து விடுகிறார்கள். திட்டத்தின் கணக்குப்படி நாளொன்றுக்கு 1,20,000 டன். அதில் 98,000 டன் ஹான் ஆற்றிலிருந்து வருகிறது, மீதி 22,000 டன் சுரங்க ரயில் நிலையங்களில் ஊறும் நிலத்தடி நீர். பம்பு நின்றால் ஓடை நிற்கும். நீர் மண்ணுக்குள் இறங்கிவிடாதபடி படுகையில் தடுப்பும் உண்டு. நம் ஊர்க் கணக்கில் 1,20,000 டன் என்பது 12 கோடி லிட்டர். மீஞ்சூரிலும் நெம்மேலியிலும் முதலில் கட்டப்பட்ட கடல்நீர்க் குடிநீராக்கும் ஆலைகள் ஒவ்வொன்றும் நாளொன்றுக்கு 10 கோடி லிட்டர் தருவதற்காக அமைக்கப்பட்டவை. அப்படி ஓர் ஆலை ஒரு நாள் முழுக்கத் தரும் நீரைவிட அதிகமான நீர் சியோலில் காட்சிக்காகத் தினமும் ஓடுகிறது. அந்த நீர் வீணாகவில்லை, திரும்ப ஹான் ஆற்றில்தானே சேர்கிறது என்று சொல்லலாம். உண்மைதான். செலவாவது மின்சாரம்தான். ஆனால் இறைக்கவும் திரும்ப விடவும் பக்கத்தில் ஹான் போன்ற ஒரு பேராறு சியோலுக்கு இருக்கிறது. 2019 கோடையில் குடிநீர் தரும் நான்கு ஏரிகளும் வற்றி, ஜோலார்பேட்டையிலிருந்து ரயிலில் தண்ணீர் வரவழைத்த சென்னைக்கு அப்படி எதுவும் இல்லை. சியோலைப் பார் என்று சொல்லும் கட்டுரைகளில் இந்தக் கணக்கு ஏன் வருவதில்லை என்பதுதான் என் கேள்வி.

மழைநீர் இறங்கிவரும் மேல்பகுதி என்ன ஆயிற்று என்று கேட்டால் கதை இன்னும் தளர்ந்துவிடுகிறது. புகாக், இன்வாங் சரிவுகளிலிருந்து வந்த பெக்குன்தோங், சம்சொங்தோங் ஓடைகள்தான் சொங்கேச்சொன்னின் உண்மையான தலைப்பு. அவை சாலைகளுக்கு அடியில் மூடிய கால்வாய்களாகவே விடப்பட்டன. திறக்கப்பட்டது நடுவில் 5.8 கிலோமீட்டர் மட்டும். தலைப்பு மூடியே இருக்க, நடுவில் குழாய்நீர் விழும் ஓர் அருவியோடு ஓடை 'தொடங்குகிறது'. நகரின் கழிவுநீரும் எங்கும் போய்விடவில்லை. இரு கரைகளின் ஓரமாக, நடைபாதைக்கு அடியில், மழைநீரும் சாக்கடைநீரும் சேர்ந்து செல்லும் பெட்டிக் கால்வாய்களில் அது போகிறது. கொஞ்சம் பலமாக மழை அடித்தால் அந்தக் கால்வாய்கள் நிரம்பும், ஓடையை நோக்கிய மதகுகள் திறக்கும், கலங்கிய நீர் உள்ளே பாயும். அப்போது நடக்க வந்தவர்களை மேலே ஏற்றிவிடுவார்கள். அப்படிப்பட்ட நாள்களில் மீன்கள் செத்து மிதந்ததும் உண்டு. 200 ஆண்டுகளுக்கு ஒருமுறை வரும் வெள்ளத்தையும் தாங்கும்படி வடிவமைத்திருக்கிறார்கள், பொறியாளர்களின் அந்தத் திறமையை நான் குறைத்துச் சொல்லவில்லை. சாக்கடையைப் பிரிக்காமல் அதன் பக்கத்தில் நன்னீர் ஓடவிட்ட அமைப்பை 'ஆறு மீண்டது' என்று சொல்வது சரியில்லை என்கிறேன், அவ்வளவுதான்.

இனி பழைய வரலாறு. நாம் அறிந்த பெயரே அந்த ஓடைக்குப் பிற்காலத்தில் வந்தது. தெளிந்த பள்ளத்தாக்கின் ஓடை என்று பொருள்படும் சொங்கேச்சொன் என்ற பெயர் ஜப்பானிய ஆட்சிக் காலத்தில்தான் நிலைத்தது. அதற்கு முன் 500 ஆண்டுகள் அதற்குப் பெயர் கேச்சொன். ஓடையை வெட்டித் திறந்துவிடுதல் என்று அதற்கு அர்த்தம். முதலில் அது வேலையின் பெயராக இருந்தது, போகப்போக நீரின் பெயராயிற்று. 1394இல் ஜோசொன் அரசு தலைநகரை இங்கே மாற்றிய சில ஆண்டுகளிலேயே, கிண்ணத்தின் நடுவே பெருக்கெடுத்த வெள்ளம் தொல்லை தரத் தொடங்கியது. தேஜோங் மன்னர் 1411இல் ஓடை வெட்டுவதற்கென்றே ஒரு தனி அலுவலகம் அமைத்தார். அடுத்த ஆண்டின் தொடக்கத்தில் 50,000க்கும் மேற்பட்ட ஆட்களை இறக்கி, படுகையை ஆழப்படுத்தி, கரையைக் கல்லாலும் மரத்தாலும் கட்டினார். ஆகவே சியோலின் ஓடை இயற்கை தந்த கன்னி ஆறாக இருந்து பின்னால் மனிதனால் கெட்டது என்ற கற்பனைக்கு ஆதாரமே இல்லை. பதிவுகளில் அது தெரியத் தொடங்கும்போதே மண்வெட்டியோடுதான் தெரிகிறது.

அந்த நீர் எதற்கு என்ற வாக்குவாதம் 1444இலேயே அரசவையில் நடந்திருக்கிறது. இன்று நம் நகரங்களில் நடப்பதைப் போன்ற விவாதம்தான். நிலவாகு சாத்திரத்தில் நம்பிக்கை கொண்ட இ சொன்-ரோ என்ற அதிகாரி, தலைநகரின் நடு ஓடை தூய்மையாக இருப்பது அரசுக்கு நன்மை என்பதால் அதில் குப்பையும் அழுக்கும் கொட்டுவதைத் தடைசெய்ய வேண்டும் என்றார். ஒ ஹ்யோ-சொம் என்ற அறிஞர் மறுத்தார். மக்கள் நெருக்கமாக வாழும் இடத்தில் அழுக்கு சேராமல் இருக்காது, அதை வெளியே கொண்டுசெல்ல ஓடும் நீர் வேண்டும், தலைநகரின் நீரைத் தூய்மையாக வைக்க முடியாது என்பது அவர் வாதம். செஜோங் ஒ ஹ்யோ-சொம் பக்கம் நின்றார். அன்று முதல் அது அறிந்தே ஏற்றுக்கொள்ளப்பட்ட கழிவோடை. கரையில் துணி துவைத்தார்கள், குழந்தைகள் விளையாடினார்கள், பாலங்களில் திருவிழாக் கூட்டம் நின்றது, அதே நீரில் நகரின் அழுக்கும் போனது. அரசவை எடுத்த அந்த முடிவு நமக்கு உவப்பாக இல்லாமல் இருக்கலாம், எனக்கும் உவப்பானதல்ல. ஆனால் அது நேர்மையான முடிவு. ஓடை அழுக்கைச் சுமக்கும் என்று ஒப்புக்கொண்டதால், யார் அதைத் துப்புரவாக்குவது, எப்போது, எந்தப் பணத்தில் என்ற கேள்விகளையும் அந்த அரசு எதிர்கொள்ள வேண்டியிருந்தது.

அந்தக் கேள்விகள் 18ஆம் நூற்றாண்டில் கழுத்தை நெரித்தன. நகரின் மக்கள்தொகை பெருகியிருந்தது. வீட்டுத் தரையைச் சூடாக்க விறகு வேண்டும், விறகுக்காக மலைச்சரிவுகள் மொட்டையாயின. மொட்டைச் சரிவின் மண் ஒவ்வொரு மழையிலும் இறங்கி ஓடையில் படிந்தது. மண் ஏறிய படுகை பாலத்தின் அடியைத் தொடும் அளவுக்கு உயர்ந்துவிட்டதால் சிறு மழைக்கே வெள்ளம் ஊருக்குள் வந்தது. யொங்ஜோ மன்னர் பல ஆண்டுகள் ஆலோசித்தார், குடிமக்களைக் கூப்பிட்டுக் கேட்டார், பிறகு 1760 வசந்தத்தில் வேலையைத் தொடங்கினார். 57 நாள்கள் நடந்த அந்தத் தூர்வாரலில் மொத்தம் 2,00,000 ஆள்வேலை. அதில் 1,50,000 நகர மக்கள் தந்தது, 50,000 கூலி கொடுத்து அமர்த்தியது. மன்னரே வேலை நடக்கும் இடத்துக்கு வந்து பார்த்தார், அந்தக் காட்சியை ஓவியமாக வரைந்து வைத்திருக்கிறார்கள். வாரிய மண் கீழ்ப்பகுதியில் சிறு குன்றுகளாகக் குவிந்தது. ஆனால் என்னைக் கவர்ந்தது வேறு ஒன்று. வேலை முடிந்ததும் ஒரு பாலத்தின் கல் தூணில், படுகை மட்டத்தில், நான்கு எழுத்துகள் செதுக்கினார்கள்: 'கியோங்ஜின் ஜிபியோங்'. கியோங்ஜின் ஆண்டின், அதாவது 1760இன், தரைமட்டம் என்று பொருள். இனி வருபவர்கள் எப்போது தூர்வாரினாலும் இந்த எழுத்துகள் கண்ணுக்குத் தெரியும்வரை தோண்ட வேண்டும். எழுத்து மண்ணில் மறைந்தால் வேலை பாக்கி. ஜுன்ச்சொன்சா என்ற நிரந்தரமான தூர்வாரும் அலுவலகத்தையும் அவர் ஏற்படுத்தினார், சில ஆண்டுகளுக்கு ஒருமுறை அந்த வேலை தொடர்ந்தது. 1773இல் கரைகளைக் கல்லால் கட்டினார்கள்.

27 மாதக் கதைக்கு நேர்மாறாக நான் வைப்பது இந்த நான்கு எழுத்துகளைத்தான். திறப்பு விழாக் கல்வெட்டு வேலை முடிந்தது என்று அறிவிக்கும். இந்த எழுத்துகள் வேலை முடியாது என்று அறிவிக்கின்றன. மலை மண் இறங்கிக்கொண்டேயிருக்கும், ஊர் அழுக்கு சேர்ந்துகொண்டேயிருக்கும், ஆகவே ஓடை என்பது ஆண்டுக்காண்டு செய்ய வேண்டிய ஊர்க்கடமை என்ற தெளிவு அவற்றில் இருக்கிறது. தமிழ்நாட்டில் இதைப் புரிந்துகொள்ள விளக்கம் தேவையில்லை. உத்திரமேரூர்க் கல்வெட்டில் ஏரி வாரியம் இருக்கிறது, அதன் உறுப்பினர்களைக் குடவோலையில் தேர்ந்தெடுக்கும் முறையும் இருக்கிறது. குடிமராமத்து என்ற சொல் நேற்றுவரை கிராமங்களில் புழங்கியது. கொரிய மன்னர் செய்ததும் நம் ஊர்ச்சபைகள் செய்ததும் ஒரே வகையான அறிவிலிருந்து வந்தவை.

சொங்கேச்சொன் எப்படிச் செத்தது என்பதையும் இந்த வெளிச்சத்தில் பார்க்க வேண்டும். கான்கிரீட் அதைக் கொன்றதாகச் சொல்கிறோம். கான்கிரீட் கடைசியில்தான் வந்தது. 1910இல் கொரியா ஜப்பானின் கைக்குப் போனபின், ஓடைக்குத் தெற்கே ஜப்பானியக் குடியிருப்புகளும் வடக்கே கொரியர்களுமாக நகரம் பிரிந்தது. நகர நிர்வாகத்தின் கவனமும் காசும் தெற்கே போயின. ஓடையை மூடிவிடும் யோசனைகள் அப்போதே எழுந்து, 1930களின் பிற்பகுதியில் மேல்பகுதியில் ஒரு துண்டு மூடவும்பட்டது. பிறகு 1950 முதல் 1953 வரை போர். அகதிகளாக வந்தவர்கள் கரையில் கால் ஊன்றிக் குடிசை போட்டார்கள், கழிவு நேரே நீரில் விழுந்தது. 1958இல் மூடும் வேலை முழுமூச்சாகத் தொடங்கி 1970களின் பிற்பகுதி வரை நடந்தது. நடுவில் மேம்பாலமும் எழுந்தது. அந்த மூடிக்கு மேலேயும் ஒரு வரலாறு இருக்கிறது. ஓரத்தில் வளர்ந்த பியோங்ஹ்வா சந்தையின் தையற்கூடங்களில், நிமிர்ந்து நிற்க முடியாத பரண்களில், இளம்பெண்கள் நாள் முழுக்கத் தைத்தார்கள். அவர்களுக்காகத் தொழிலாளர் சட்டத்தைக் கடைப்பிடிக்கச் சொல்லி, ஜொன் தே-இல் என்ற 22 வயதுத் தையல் தொழிலாளி 1970 நவம்பர் 13இல் அங்கே தன்னைத் தீக்கிரையாக்கிக்கொண்டார். கொரியத் தொழிலாளர் இயக்கம் அந்த நாளிலிருந்துதான் தன் கணக்கைத் தொடங்குகிறது. 'அழகான ஆறு, அசிங்கமான சாலை, மீண்டும் அழகான ஆறு' என்று மூன்றே கட்டமாகச் சொல்லும்போது, இந்த மனிதர்கள் வாழ்ந்த காலம் முழுவதும் அசிங்கம் என்ற ஒரு சொல்லுக்குள் அடைபட்டுப் போகிறது.

2003இல் தொடங்கிய திட்டம் வரலாற்றை மீட்பதாகவும் சொன்னது. தோண்டும்போது பழைய பாலங்களின் அடித்தளமும் நகர மதிலின் நீர்வாயில் எச்சங்களும் வெளிப்பட்டன. நிதானமாக ஆராய வேண்டும் என்று தொல்லியலாளர்கள் கேட்டார்கள், தேதி நெருக்கியது. குவாங்தோங் பாலம் அதற்கு நல்ல உதாரணம். தேஜோங் தன் மாற்றாந்தாயான அரசியின் கல்லறையை நகரைவிட்டு அகற்றியபின், அந்தக் கல்லறையின் செதுக்குக் கற்களைக் கொண்டுவந்து 1410இல் கட்டிய பாலம் அது. சில கற்கள் தலைகீழாக வைக்கப்பட்டிருப்பதை இன்றும் பார்க்கலாம். ஓர் அரச குடும்பத்தின் பகை அந்தத் தலைகீழ்க் கற்களில் உறைந்திருக்கிறது. அந்தப் பாலத்தை அதன் இடத்தில் நிறுத்தவில்லை, போக்குவரத்துக்கு இடைஞ்சல் என்று ஏறக்குறைய 150 மீட்டர் மேலே தள்ளி வைத்தார்கள். திட்டத்துக்காக அமைத்த குடிமக்கள் குழுவினர் பலர் இதுபோன்ற காரணங்களால் 2004இல் விலகினார்கள். ஓடையை மீட்க வேண்டும் என்ற கருத்துக்குத் தொடக்கத்தில் பெரும் துணையாக நின்றவர் 'தோஜி' நாவலின் ஆசிரியர் பாக் கியோங்-நி. நடப்பது மீட்பு அல்ல, இன்னொரு கட்டுமானம் என்று அதே ஆண்டு வேதனையோடு எழுதியவரும் அவர்தான். மூடிய சாலையை நம்பிப் பிழைத்த சிறு கடைக்காரர்களுக்கு நகரின் தென்கிழக்கு மூலையில் பெரிய வணிக வளாகம் கட்டித் தருவதாகச் சொன்னார்கள். கட்டி முடித்தபோது விலை கட்டுப்படியாகவில்லை, அங்கே போய் நிலைத்தவர்கள் மிகச் சிலரே.

இவ்வளவு சொன்னதும் வரும் முதல் மறுப்பு, அப்படியானால் மேம்பாலமே இருந்திருக்கலாமா என்பது. கூடாது. நாளொன்றுக்கு 1,60,000க்கும் மேற்பட்ட வாகனங்கள் போன, பழுதாகி ஆபத்தான நிலைக்கு வந்திருந்த அந்த மேம்பாலத்தை இடித்ததும், நகரம் அதனால் முடங்கிவிடாது என்று காட்டியதும் பெரிய செயல். 2004இல் சியோல் தன் பேருந்து அமைப்பையே மாற்றியமைத்தது. ஓடையோரம் கோடையில் பக்கத்துச் சாலைகளைவிடச் சில பாகை குளிர்ச்சியாக இருப்பதை அளந்திருக்கிறார்கள். மீனும் பறவையும் பூச்சியும் கூடியிருக்கின்றன. மாலையில் ஆயிரக்கணக்கானோர் காசு கொடுக்காமல் வந்து உட்காரும் இடம் ஒன்று நகரின் நெஞ்சில் கிடைத்திருக்கிறது, இதையெல்லாம் முழுமனதோடு ஏற்கிறேன். காரிடமிருந்து நிலத்தை மீட்டு மனிதர்களுக்குக் கொடுத்த திட்டம் என்று சொன்னால் அந்தப் பாராட்டில் நானும் சேர்ந்துகொள்வேன். நம் நகரங்கள் சியோலிடமிருந்து கற்க வேண்டியது அதுதான், மேம்பாலத்தை இடிக்கும் துணிவும் பேருந்தை நம்பும் அறிவும். வியப்பு என்னவென்றால், சியோலைச் சுட்டிக் கட்டுரை எழுதும் நாம் அதே மூச்சில் நீர்நிலை ஓரங்களில் புதிய மேம்பாலச் சாலைகளுக்கும் இடம் தேடுகிறோம்.

இரண்டாவது மறுப்பு கொஞ்சம் நுட்பமானது. நகரத்து நீர் எதுவுமே இயற்கையானதல்ல, 1411இலேயே வெட்டியது என்று நீங்களே சொல்கிறீர்கள், அப்படியிருக்க 2005இல் கட்டியதை மட்டும் செயற்கை என்று குறைசொல்வது சொற்சண்டை என்கிறார்கள். செயற்கை என்பது என் குற்றச்சாட்டு அல்ல. யொங்ஜோ செய்ததும் செயற்கைதான். மலை, மழை, மண், ஊர்க்கழிவு ஆகிய நான்கையும் கணக்கில் எடுத்த செயற்கை அது. 2005இன் ஓடை அந்த நான்கிலிருந்தும் தன்னைத் துண்டித்துக்கொண்டு நிற்கிறது. சொல்லுக்கும் கனம் உண்டு. உயிர்ப்பித்தோம் என்ற சொல் வெற்றி பெற்றபின் அது சும்மா இருக்கவில்லை. மேம்பாலத்தை இடித்த மேயர் லீ மியுங்-பாக் இந்த ஓடையின் புகழோடு 2007 தேர்தலில் வென்று 2008இல் குடியரசுத் தலைவரானார். அடுத்து 'நான்கு பேராறுகளை உயிர்ப்பித்தல்' என்ற பெயரிலேயே ஒரு திட்டம் வந்தது. 22 லட்சம் கோடி வோன் செலவு, ஆறுகளின் குறுக்கே 16 தடுப்பணைகள், அடியில் பெருமளவு மணல் அள்ளல். தேங்கிய நீரில் கோடைதோறும் பச்சைப் பாசி படர்ந்தது, அரசின் தணிக்கை வாரியமே பின்னர் அந்தத் திட்டத்தில் குறை கண்டது. உயிர் என்ற சொல்லைத் தவறான இடத்தில் ஒருமுறை ஏற்றுக்கொண்டால், அடுத்த முறை அதே சொல்லைச் சொல்லி ஆறுகளையே கட்டிப்போடலாம் என்பதற்குக் கொரியாவே சான்று. சியோல் நகரமும் இதைப் பிறகு உணர்ந்தது. மேயர் பாக் வொன்-சூன் காலத்தில், 2012இல், விடுபட்ட மேலோடைகளையும் பாரம்பரியச் சின்னங்களையும் எப்படிச் சேர்ப்பது என்று ஆராயக் குழு அமைத்தார்கள். முடிந்துபோன உயிர்ப்பிப்புக்கு எதற்கு மறுபடியும் ஒரு குழு?

மூன்றாவது மறுப்பு நம் பக்கத்திலிருந்து வருவது, என் மனதை உறுத்துவதும் அதுதான். கூவத்தின் நாற்றத்தில் வாழும் மக்களுக்கு இந்த நுணுக்கமெல்லாம் எதற்கு, ஒரு நல்ல முன்மாதிரி ஊக்கம் தருகிறதே, அதை ஏன் உடைக்க வேண்டும் என்று கேட்கிறார்கள். முன்மாதிரியில் கண்ணுக்குத் தெரியும் பாகம்தான் நகலெடுக்கப்படும், அதனால்தான் உடைக்க வேண்டியிருக்கிறது. கரைச்சுவர், நடைபாதை, விளக்கு, வேலி ஆகியவை படத்தில் தெரியும். பம்பு தெரியாது, பெட்டிக் கால்வாய் தெரியாது, மூடிக் கிடக்கும் மேலோடை தெரியாது. கூவத்துக்கு நீர் வரும் வழியைப் பார்த்தால் கேசவரம் அணைக்கட்டிலும் அதன் கீழுள்ள ஏரிகளின் கலங்கல்களிலும் போய் நிற்க வேண்டும். கழிவு வரும் வழியைப் பார்த்தால் இணைப்பே இல்லாத வீதிகளிலும், மழைநீர் வடிகாலில் கள்ளத்தனமாகச் சாக்கடையைத் திருப்பிய கட்டடங்களிலும் போய் நிற்க வேண்டும். அங்கே படமெடுக்க ஒன்றுமில்லை. ஆகவே சுலபமான இடத்தில் வேலை தொடங்குகிறது. கரையில் இருக்கும் குடிசைகள் பெயர்க்கப்படுகின்றன. கூவத்தின் கரையிலிருந்து ஆயிரக்கணக்கான குடும்பங்கள் பெரும்பாக்கத்துக்கு அனுப்பப்பட்டன. அந்தக் குடும்பங்களின் கழிவு கூவத்துக்கு வந்த கழிவில் எத்தனை பங்கு என்று கேட்டுவிட்டு அனுப்பியிருக்க வேண்டும். நகரம் முழுவதன் கழிவையும் சுமந்த ஆற்றுக்கு, அதன் கரையில் இருந்த ஏழைகளை மட்டும் பொறுப்பாக்கியது அநீதி. சியோல் கதையின் 'முன்பு, பின்பு' படங்கள் இந்த அநீதிக்கு, விரும்பியோ விரும்பாமலோ, துணைபோகின்றன.

பழைய முறை திரும்ப வராது, ஊர்கூடித் தூர்வாரிய காலம் போய்விட்டது, குடிமராமத்திலும் ஆண்டான் அடிமைக் கட்டாயம் இருந்ததே என்று கேட்டால், ஆம், இருந்தது. எந்தச் சாதியின் முதுகில் எவ்வளவு மண் ஏறியது என்பதை மறந்துவிட்டு அந்தக் காலத்தைக் கொண்டாட நான் தயாரில்லை. ஆனால் 1760இன் கணக்கிலேயே 50,000 ஆள்வேலைக்குக் கூலி எழுதியிருக்கிறது. நான் கேட்பது அந்தக் கணக்குப் புத்தகத்தைத்தான். ஓட்டேரி நல்லா போன்ற ஒரு சிற்றோடைக்கு நிரந்தரமான ஆள்கள், இயந்திரங்கள், மாதச் சம்பளம், பாதுகாப்பு உடை, ஆண்டுதோறும் பெயர் சொல்லி ஒதுக்கிய பணம், எந்த மட்டம் வரை வார வேண்டும் என்று எல்லோரும் பார்க்கக்கூடிய ஒரு குறி. பருவமழைக்கு இரண்டு வாரம் இருக்கும்போது டெண்டர் விட்டு, வாரிய சேற்றைக் கரையிலேயே குவித்து, முதல் மழையில் அதையே திரும்ப ஓடைக்குள் விடுவதை வேலை என்று ஏற்றுக்கொள்ளும்வரை எந்த நாட்டுப் படமும் நமக்கு உதவாது.

சுப்யோ பாலம், அதாவது நீரளவுகோல் நின்ற பாலம், 1959இல் ஓடையை மூடும்போது கழற்றி எடுக்கப்பட்டது. இப்போது அது நாம்சான் மலையடிவாரத்தில் ஜாங்சுங்தான் பூங்காவில் இருக்கிறது. 2005இல் அதைத் திரும்பக் கொண்டுவர முடியவில்லை. புதிய ஓடையின் அகலத்துக்கும் பழைய பாலத்தின் நீளத்துக்கும் பொருந்தவில்லை. அதன் தூணில் 1760இல் செதுக்கிய அந்த நான்கு எழுத்துகள் இன்னும் அழியாமல் இருக்கின்றன. மண் அந்த மட்டத்துக்கு மேல் ஏறியிருக்கிறதா என்று குனிந்து பார்க்கச் சொன்ன ஓடை மட்டும் அதன் கீழே இல்லை.